கண்ணைப் பாத்து சொல்லு, நீதானே இம்போஸ்டர்?

"அமாங் அஸ்" ஆடுறவங்க பத்து பேரைக் கேட்டா, ஜெயிக்கிறதுக்குப் பதினோரு வழி சொல்லுவாங்க. "ரொம்பப் பேசுறவன்தான் இம்போஸ்டர்"ம்பார் ஒருத்தர். "அடப் போங்க, கம்முனு உக்காந்திருக்கான் பாருங்க, அவன்தான்"ம்பார் இன்னொருத்தர். பொணத்தை முதல்ல ரிப்போர்ட் பண்ணவனைத் தூக்குன்னு ஒரு கோஷ்டி. மஞ்சள் கலர்க்காரனை எப்பவும் நம்பாதேன்னு இன்னொரு கோஷ்டி. (மஞ்சள் என்னய்யா பாவம் பண்ணுச்சு?)

இந்த வாக்குவாதம் இந்த கேமோட ஆரம்பிச்சது இல்லை. கிட்டத்தட்ட நாப்பது வருஷமா நடந்துட்டிருக்கு. நடுவுல ஆட்டம் மூணு நாலு தடவை உருமாறியிருக்கு. ஒவ்வொரு தடவையும் ஜெயிக்கிற வழியும் கூடவே மாறியிருக்கு. அந்தக் கதையைத்தான் இங்க சொல்லப் போறேன். கதை எங்க போகுதுன்னு முன்னாடியே சொல்லிடறேன். பொய்யைக் கண்டுபிடிக்கறதுல மனுஷன் படு மட்டம். அதனால இந்த ஆட்டத்துல ஊர்க்காரங்க ஒழுங்கா ஜெயிச்சதெல்லாம் எதிராளி முகத்தைப் படிச்சு இல்லை, பொய் சொல்லத் தெரியாத ஏதாவது ஒரு ஆதாரத்தைப் பிடிச்சுத்தான்.

நமக்கும் இந்த வகை ஆட்டம் புதுசு கிடையாது. ராஜா, ராணி, மந்திரி, போலீஸ், திருடன்னு சீட்டு எழுதிக் குலுக்கிப் போட்டு ஆடாதவங்க யாரு? போலீஸ் சீட்டு வந்தவன் எல்லார் மூஞ்சியையும் மாத்தி மாத்திப் பாப்பான். திருடன் சீட்டு வந்தவன் தேவையில்லாம சிரிப்பான். அவனைக் காப்பாத்த மந்திரியும் சேர்ந்து சிரிப்பான். ஆனா அதுல ஒரே ஒரு யூகம்தான், தப்பானா பாயின்ட் போகும், அடுத்த குலுக்கல். கூட்டமா உக்காந்து விவாதம் பண்ணி ஒருத்தனை வெளியே தள்ளுற சமாச்சாரம் அதுல இல்லை. அந்தச் சமாச்சாரம் வந்தது மாஸ்கோவிலிருந்து.

1986-87 வாக்குல மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தோட உளவியல் துறையில இருந்த டிமிட்ரி டேவிடாஃப் உருவாக்கின ஆட்டம் "மாஃபியா". பலகை கிடையாது, காய் கிடையாது, தாயக்கட்டை கிடையாது. வட்டமா உக்கார ஒரு ரூமும் ஒரு டஜன் ஆளுங்களும் இருந்தா போதும். அதனாலேயே கிளாஸ் ரூம், ஹாஸ்டல், கோடை முகாம்னு தீயா பரவிடுச்சு.

விதி ரொம்ப சிம்பிள். ரகசியமா ரெண்டு மூணு பேர் மாஃபியா, மிச்சவங்க ஊர்க்காரங்க. "ராத்திரி"ன்னு சொன்னா எல்லாரும் கண்ணை மூடணும். மாஃபியா மட்டும் கண்ணைத் திறந்து, சத்தமில்லாம ஒரு ஆளைக் காட்டுவாங்க. அவர் காலி. "பகல்" ஆனதும் உயிரோட இருக்கறவங்க எல்லாரும் விவாதம் பண்ணி, வோட்டுப் போட்டு ஒருத்தரை வெளியே அனுப்பணும். அப்புறம் மறுபடி ராத்திரி. மாஃபியா பூராவும் காலியானா ஊர் ஜெயிச்சுது. மாஃபியாவோட எண்ணிக்கை ஊர்க்காரங்க எண்ணிக்கைக்குச் சமமாயிட்டா மாஃபியா ஜெயிச்சுது.

டேவிடாஃப் போட்ட அடித்தளம் என்னன்னா, ஒரு பக்கம் விஷயம் தெரிஞ்ச சின்னக் கூட்டம், இன்னொரு பக்கம் விஷயம் தெரியாத பெரிய கூட்டம். சின்னக் கூட்டத்துக்கு எல்லாம் தெரியும், ஆனா வோட்டு பத்தாது. பெரிய கூட்டத்துக்கு வோட்டு நிறைய, ஆனா ஒவ்வொருத்தனுக்கும் தன்னைத் தவிர வேற யாரைப் பத்தியும் உறுதியா எதுவும் தெரியாது. டௌன் ஆஃப் சேலம், அமாங் அஸ், கூஸ் கூஸ் டக்னு இதுக்கப்புறம் வந்த எல்லாமே இந்த எஞ்சின் மேல மாட்டின வேற வேற பாடிதான்.

மாஸ்கோ ஆட்டத்துல ஊர்க்காரங்க கையில என்ன ஆயுதம் இருந்துச்சு? முகமும் குரலும்தான். யார் சிரிச்சா, யார் குரல் நடுங்குச்சு, யார் மூக்கைச் சொறிஞ்சா. இது எவ்வளவு தூரம் வேலை செய்யும்? 2006-ல சார்லஸ் பாண்ட், பெல்லா டிபாலோன்னு ரெண்டு உளவியல் ஆய்வாளர்கள், பொய்யைக் கண்டுபிடிக்கறது பத்தி அதுவரைக்கும் நடந்த ஆய்வுகளை மொத்தமா வாரிக்கட்டிக் கணக்குப் போட்டாங்க. உண்மையா பொய்யான்னு ஜனங்க சரியா சொன்னது சராசரியா 54 சதவீதம். காசைச் சுண்டிப் போட்டா 50. ஆயிரம் வருஷ அனுபவத்துக்குக் கிடைச்ச லாபம் வெறும் நாலு. அதைவிட மோசம், பொய்களை மட்டும் தனியா எடுத்துப் பாத்தா பிடிபட்டது 47 சதவீதம்தான். "எனக்கு முகத்தைப் பாத்தாலே தெரிஞ்சுடும்"னு அடுத்த தடவை உங்க ஃப்ரெண்ட் சொன்னா இந்த நம்பரைச் சொல்லுங்க :-)

1997-ல அமெரிக்காவுல ஆண்ட்ரூ ப்ளாட்கின் இந்த ஆட்டத்துக்கு வேஷம் மாத்தினார். இவர் ப்ரோக்ராமர், டெக்ஸ்ட் அட்வெஞ்சர் கேம்கள் எழுதிப் பேர் வாங்கினவர். மாஃபியாவைத் தூக்கிட்டு ஓநாய் மனிதனைக் கொண்டுவந்தார். பகல்ல சாதாரண ஆள், ராத்திரி ஓநாய். ஒளிஞ்சிருக்கிற எதிரிக்கு இது பாந்தமா பொருந்துச்சு. "வேர்வுல்ஃப்"ங்கற பேர்ல டெக்னாலஜி கான்ஃபரன்ஸ், கேம் டெவலப்பர் மாநாடுன்னு எங்க பாத்தாலும் ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் ஆடினாங்க. 2001-ல ஃபிரான்ஸ்ல இதையே அழகான சீட்டுக்கட்டா போட்டு வித்தாங்க.

வேர்வுல்ஃப்ல முக்கியமான ஆள் ஒருத்தர் உண்டு. குறி சொல்றவர்னு வெச்சுக்குங்களேன். (மாஃபியாவுல இதே வேலையை டிடெக்டிவ் பாப்பார்.) ஒவ்வொரு ராத்திரியும் ஒரு ஆளைக் காட்டி "இவன் ஓநாயா?"ன்னு கேக்கலாம், ஆட்டம் நடத்துறவர் ஆமா இல்லைன்னு தலையாட்டுவார். ஊர்க்காரங்க கைக்கு வந்த முதல் நிஜமான தகவல் இதுதான். கூடவே ஒரு தலைவலியும் வந்துச்சு. எப்ப வெளியே வர்றது? முதல் நாளே "நான்தான் குறி சொல்றவன்"னு எழுந்தா அன்னிக்கு ராத்திரியே ஓநாய் அடிச்சுடும். பொறுத்துப் பொறுத்து இருந்தா, சொல்லாமலேயே செத்துப் போவார், தகவலும் கூடவே போயிடும். இதுல ஓநாயும் எழுந்து "இல்லை, நான்தான் நிஜமான குறி சொல்றவன்"னு அடிச்சு விடும்.

இங்கதான் பழைய ஆட்டக்காரங்க ஒரு நல்ல விஷயம் கண்டுபிடிச்சாங்க. ஒரே ஒரு குறி சொல்றவர் இருக்கற ஆட்டத்துல ரெண்டு பேர் உரிமை கொண்டாடினா, ரெண்டுல ஒருத்தன் பொய்யன்ங்கறது உறுதி. அவங்க மூஞ்சியைப் பாக்கவே வேண்டாம். ஒருத்தரை வெளியே அனுப்பு. செத்தவங்க சீட்டைத் திறந்து காட்டுற விதி இருந்தா, அவர் நிஜம்னு தெரிஞ்சதும் மறுநாள் மத்தவரை அனுப்பு. ஒரு நல்ல ஆளைப் பலி கொடுத்தாலும் ஒரு ஓநாய் நிச்சயம். பொய் சொன்னவன் எவ்வளவு அழகா பொய் சொன்னான்ங்கறதுக்கே இதுல மதிப்பில்லை.

கணக்கு வாத்தியார்கள் இந்த ஆட்டத்துக்குள்ள நுழைஞ்சது 2008-ல. மார்க் ப்ராவர்மன், ஒமீத் எதெசாமி, எல்ஹனான் மாசெல்னு மூணு பேர் சேர்ந்து மாஃபியா ஆட்டத்தைப் பத்தி ஒரு முழு கட்டுரையே எழுதினாங்க, அதுவும் நிகழ்தகவுக்கான பெரிய ஆய்விதழ்ல. ஹிஹி, நம்ம காலேஜ்ல இதை ஆடினா வார்டன் திட்டுவார்.

அவங்க சொன்ன முதல் விஷயம்: டிடெக்டிவ் யாருமே இல்லாத ஆட்டத்துல ஊருக்கு எந்த சாமர்த்தியமும் கிடையாது. சீட்டுக் குலுக்கி யாரையாவது வெளியே அனுப்பறதுதான் ஆகச் சிறந்த வழி. ரெண்டாவது, அப்படிப்பட்ட ஆட்டத்துல ரெண்டு பக்கமும் சமமா மோதணும்னா, மாஃபியாவோட எண்ணிக்கை ஊரோட எண்ணிக்கையின் வர்க்கமூலத்தோட வளர்ந்தா போதும். அதாவது ஊர் நாலு மடங்கு பெருசானாலும் மாஃபியா ரெண்டு மடங்கு ஆனா போதும். ஊர் நூறு மடங்கானா மாஃபியா பத்து மடங்கு. தகவல் இருக்கற சின்னக் கூட்டத்தோட பலம் அவ்வளவு.

சும்மா ஒரு பேப்பரை எடுத்து நானும் போட்டுப் பாத்தேன். பகல்ல ஆரம்பிச்சு, கண்ணை மூடிட்டு யாரையாவது வெளியே அனுப்பறதா வெச்சுக்குங்க. 7 பேர்ல 1 மாஃபியான்னா ஊர் ஜெயிக்க 54 சதவீதம் வாய்ப்பு. பரவாயில்லை. 9 பேர்ல 2 மாஃபியான்னா வெறும் 30 சதவீதம்.

இன்னொரு வேடிக்கை, ஒத்தைப்படை ரெட்டைப்படை விவகாரம். 4 பேர் மிச்சம், அதுல 1 மாஃபியா. குத்துமதிப்பா ஒருத்தரை வெளியே அனுப்பினா ஜெயிக்க 4-ல 1, அதாவது 25 சதவீதம். தப்பா அனுப்பினா 3 பேர் மிஞ்சுவாங்க, ராத்திரி ஒருத்தர் காலி, மிச்சம் ஒண்ணுக்கு ஒண்ணு, கதை முடிஞ்சுது. ஆனா யாரையும் அனுப்பாம சும்மா இருந்தா? ராத்திரி ஒருத்தர் போவார், 3 பேர் மிச்சம், இப்ப 3-ல 1, அதாவது 33 சதவீதம். ஒண்ணும் பண்ணாம இருந்ததுக்கு எட்டு சதவீதம் போனஸ்! அமாங் அஸ்ல "ஸ்கிப்" பட்டனை அமுக்கினா "ஏன்டா பயந்து சாகறே"ன்னு திட்டறவங்களுக்கு இதைக் காட்டலாம். (ஜாக்கிரதை: அமாங் அஸ்ல ஒரு ராத்திரிக்கு ஒரு கொலைன்னு கணக்கு கிடையாது. பொணத்தை யாரும் பாக்கலைன்னா, கொஞ்ச நேரம் காத்திருந்து அடுத்ததையும் முடிச்சுடுவான். அங்க 4 பேர்ல ஸ்கிப் பண்ணா, மூணு பேரும் ஒட்டிக்கிட்டே சுத்தணும், இல்லாட்டி பட்டனை அமுக்க ஓடணும்.)

கட்டுரையோட மூணாவது விஷயம்தான் எனக்கு முக்கியமா பட்டது. ஊர்ல ஒரே ஒரு டிடெக்டிவைப் போடு. வர்க்கமூலக் கணக்கு தவிடுபொடி. ஊர் பெருசாக ஆக, சமமா மோதறதுக்கு மாஃபியாவும் ஊரோட அதே விகிதத்துல பெருகணும். எத்தனை ஆயிரம் பேர் இருக்கற ஊரா இருந்தாலும் சரி, சரிபாக்கக்கூடிய தகவல் வர்றதுக்கு ஒரே ஒரு சின்ன ஓட்டை இருந்தா ஆட்டமே தலைகீழ். புத்திசாலித்தனமா பேசறது, உணர்ச்சிபூர்வமா வாதாடறது எதுவும் இவ்வளவு பெரிய மாற்றத்தைக் கொண்டு வரலை.

ஆட்டம் கம்ப்யூட்டருக்குள்ள போனதுக்கு அப்புறம் நடந்தது பூராவும் இந்த ஓட்டையை வெச்சு நடந்த சண்டைதான்னு சொல்லுவேன். கேரிஸ் மாட்ல 2009 வாக்குல வந்த "ட்ரபுள் இன் டெரரிஸ்ட் டௌன்" ஆட்டத்துல டிடெக்டிவ் யாருன்னு எல்லாருக்கும் தெரியும். அவர் கையில டி.என்.ஏ. ஸ்கேனர் இருக்கும். பொணத்துல கொலைகாரனோட டி.என்.ஏ. கிடைக்கும், ஆனா நேரம் ஆக ஆக அழிஞ்சுடும். அதனால பொணம் சீக்கிரம் கண்ணுல படணுங்கறது ஊரோட உத்தி, அதை ஒளிச்சு வைக்கறது துரோகியோட உத்தி.

2014-ல வந்த "டௌன் ஆஃப் சேலம்" இதை இன்னும் ஒரு படி மேல கொண்டு போச்சு. அதுல ஒவ்வொருத்தரும் ஒரு உயில் எழுதி வைக்கலாம். நேத்து ராத்திரி யாரை விசாரிச்சேன், என்ன தெரிஞ்சுதுன்னு. செத்ததும் அது ஊர் முழுக்கத் தெரியும். குறி சொல்றவரோட தகவல் அவரோட போயிடுதுங்கற பழைய பிரச்சினைக்கு அருமையான மருந்து. எதிர்க் கட்சி சும்மா இருக்குமா? பொணத்தையே சுத்தமா துடைச்சு, உயிலும் தெரியாம, அவர் யாருன்னும் தெரியாம பண்ண ஒரு மாஃபியா ஆள். உயிலை மாத்தி எழுத இன்னொரு மாஃபியா ஆள். போதாக்குறைக்கு "ஜெஸ்டர்"னு ஒரு கோமாளி. அவனை ஊர் தூக்குல போட்டாத்தான் அவன் ஜெயிப்பான். சந்தேகமா முழிக்கிறவனையெல்லாம் தூக்குல போடற ஊருக்கு வெச்ச ஆப்பு அது. அந்த ஆட்டத்துல கெட்டிக்கார ஊர்க்காரங்க செய்யற முதல் வேலை, ஒவ்வொரு ராத்திரி முடிஞ்சதும் உயிலைப் புதுப்பிக்கறது. பேச்சு சாமர்த்தியம் எல்லாம் அப்புறம்தான்.

ஆட்டத்துக்கு அந்தப் பேர் வந்த ஊரைப் பத்திக் கொஞ்சம் சொல்லாம போக முடியாது. மாஸசூஸெட்ஸ் மாகாணம் சேலம், 1692. (நம்ம மாம்பழச் சேலம் இல்லை.) ரெண்டு சின்னப் பொண்ணுங்களுக்கு வலிப்பு மாதிரி வந்துச்சு, சூனியம்னு முடிவு பண்ணி ஆளைத் தேட ஆரம்பிச்சாங்க. முதல்ல மாட்டினது மூணு பொம்பளைங்க. சாரா குட், வீடு வீடா பிச்சை கேட்டுத் திரிஞ்சவங்க. சாரா ஆஸ்போர்ன், உடம்பு முடியாம சர்ச்சுக்கு வராம இருந்தவங்க. டிடுபா, பாதிரியார் வீட்டு அடிமை. ஊர்ல பேச ஆளில்லாதவங்க முதல்ல.

அப்புறம் பரவி, நல்ல பேர் வாங்கினவங்களையும் தொட்டுச்சு. ரெபெக்கா நர்ஸ்னு 71 வயசுப் பாட்டி. ஜூரி முதல்ல குற்றமில்லைன்னுதான் சொன்னாங்க. நீதிபதி திரும்ப யோசிக்கச் சொன்னார். பாட்டி கோர்ட்டுல சொன்ன ஒரு வார்த்தைக்கு என்ன அர்த்தம்னு அவங்களைக் கேட்டாங்க. பாட்டிகிட்டேருந்து பதில் வரலை. பதில் இல்லைன்னதும் குற்றவாளின்னு தீர்ப்பு மாறிடுச்சு. பாட்டிக்குக் காது சரியா கேக்காது, கேள்வியே காதுல விழலை. ஜூலை மாசம் தூக்குல போட்டுட்டாங்க. அந்த வருஷம் மொத்தம் 19 பேரைத் தூக்குல போட்டாங்க. ஒருத்தர், கைல்ஸ் கோரி, குற்றவாளியா இல்லையான்னு கோர்ட்டுல பதில் சொல்ல மறுத்ததால மேல கல்லை அடுக்கி அடுக்கி நசுக்கியே கொன்னாங்க. "ஆமா, நான் சூனியக்காரிதான்"னு ஒத்துக்கிட்டவங்க உயிர் தப்பினாங்க, இல்லைன்னு உண்மையைச் சொன்னவங்க செத்தாங்க.

அங்க கோர்ட்டுல ஏத்துக்கிட்ட ஆதாரம் என்ன தெரியுமா? "அவ ஆவி வந்து என்னைக் கிள்ளுச்சு"ங்கற சாட்சி. சொல்றவளுக்கு மட்டும் தெரியும், வேற யாரும் சரிபாக்க முடியாது. அக்டோபர் மாசம் கவர்னர் வில்லியம் ஃபிப்ஸ் அந்தக் கோர்ட்டைக் கலைச்சார். அடுத்த வருஷம் நடந்த விசாரணைகள்ல ஆவி சாட்சிக்கு மதிப்பு போயிடுச்சு, மிகப் பெரும்பாலான பேர் விடுதலை ஆனாங்க. ஜனங்களோட முகம் படிக்கிற திறமை ஒரே குளிர்காலத்துல கூடிடலை. எது ஆதாரம்ங்கற விதிதான் மாறுச்சு.

ஆட்டத்துல ஓநாய்னு ஒண்ணு நிஜமாவே இருக்கு. சேலத்துல அது கூட இல்லை.

இனி அமாங் அஸ். இதைப் பண்ண இன்னர்ஸ்லாத் கம்பெனிக்காரங்க ரெண்டு விஷயத்துலேருந்து கேமோட கருவை எடுத்தாங்க. ஒண்ணு மாஃபியா. ஆண்ட்ராய்டுல அந்த ஆப்போட பேக்கேஜ் பேர் "ஸ்பேஸ்மாஃபியா"ன்னுதான் இருக்கும், மாத்தவே இல்லை. இன்னொண்ணு ஜான் கார்பென்டர் 1982-ல எடுத்த "தி திங்" படம். அன்டார்டிகா ஆராய்ச்சி நிலையத்துல, யார் உடம்புல வேணா புகுந்து அவங்க மாதிரியே நடிக்கிற ஒரு ஜந்து. படத்துல பாதி நேரம் ஆளாளுக்கு முறைச்சுக்கிட்டே இருப்பாங்க. எல்லாருக்கும் சந்தேகம் நாய்களைப் பாத்துக்கிற க்ளார்க் மேல. கடைசியில ஹீரோ எல்லார் ரத்தத்தையும் தனித்தனித் தட்டுல எடுத்து, பழுக்கக் காய்ச்சின கம்பியை வெச்சுத் தொடுவார். (படம் பாக்காதவங்க அடுத்த வரியைத் தாண்டிடுங்க.) அதுக்குள்ள சுட்டுக் கொல்லப்பட்ட க்ளார்க் மனுஷன்தான்னு தெரியும், சும்மா உக்காந்திருந்த பால்மர் ரத்தம் துள்ளிக் குதிக்கும்.

2018 ஜூன்ல கேம் வந்தப்ப சீந்த ஆளில்லை. ஒரே நேரத்துல ஆடினவங்க 30-50 பேர்தான். 2020-ல எல்லாரும் வீட்டுக்குள்ள அடைஞ்சப்போ, கொரியா, பிரேசில் ஸ்ட்ரீமர்கள் வழியா பிச்சுக்கிட்டுப் போச்சு. அந்த வருஷம் அக்டோபர்ல அமெரிக்க காங்கிரஸ் உறுப்பினர் அலெக்ஸாண்ட்ரியா ஒகாசியோ-கார்டெஸ் தேர்தல் பிரசாரத்துக்கே இந்த கேமை ஆடிக் காட்டினார்.

இதுல என்ன புதுசுன்னா, கண்ணை மூடற ராத்திரி இல்லை. எல்லாரும் ஒரு கப்பலுக்குள்ள நடந்துக்கிட்டே இருக்காங்க. இடம்னு ஒண்ணு இருக்கு, நேரம்னு ஒண்ணு இருக்கு. அதனால அலிபி இருக்கு. ஸ்கெல்ட் மேப்ல மெட்பேயில ஸ்கேன் பண்ணிக்கிற டாஸ்க் நிஜமான க்ரூமேட்டுக்குத்தான் வரும், பண்ணும்போது பச்சை வளையம் சுத்தறது பக்கத்துல நிக்கறவங்களுக்குத் தெரியும். அதான் சூடான கம்பி. ஒருத்தர் ஸ்கேன் பண்ணறதை ரெண்டு பேர் பாத்துட்டா, அவர் ஆட்டம் முடியற வரைக்கும் சுத்தம். கார்டு தேய்க்கிற டாஸ்க் மாதிரி சிலது வந்தா எல்லாருக்கும் வரும், வராட்டி யாருக்கும் வராது. உங்களுக்கு வராத கார்டை ஒருத்தன் தேய்ச்சுக்கிட்டு நின்னா, வாதமே தேவையில்லை. அட்மின் டேபிள்ல எந்த ரூம்ல எத்தனை பேர்னு தெரியும், யாருன்னு தெரியாது. அதுவே போதும், "நான் எலக்ட்ரிகல்ல தனியா இருந்தேன்"ங்கறவன் கணக்கு இடிக்குதான்னு பாக்க.

வேடிக்கை என்னன்னா, கொஞ்சம் அனுபவம் வந்த கோஷ்டிங்க முதல்ல பண்ற வேலை செட்டிங்ஸ்க்குப் போய் இந்த மாதிரி கண்ணுக்குத் தெரியற டாஸ்க்கை எல்லாம் ஆஃப் பண்றதுதான். ஆன்ல இருந்தா ஊர் ரொம்ப சுலபமா ஜெயிச்சுடுது, சுவாரசியம் இல்லைன்னு. வெளியே போனவன் இம்போஸ்டரா இல்லையான்னு காட்டற வரியையும் அணைச்சுடுவாங்க. ஆதாரம் அதிகமானா ஆட்டம் செத்துடுதுங்கறது நிஜம்தான், ஒத்துக்கறேன். ஆனா அதை அணைச்சதும் 1986-க்கே போயிடறோம். மறுபடி குரல், மறுபடி மூக்கு.

அப்படிப் போகும்போது யார் முதல்ல வெளியே போறாங்கன்னு கவனிச்சுப் பாருங்க. 2020-ல நான் வேலைக்குச் சேர்ந்த புதுசுல, வெள்ளிக்கிழமை சாயங்காலம் டீம்ல எல்லாரும் கால்ல உக்காந்து இதை ஆடுவோம். எங்களுக்கு அப்புறம் சேர்ந்த ஒரு தம்பி இருந்தான். ஒரே ரூம்ல அப்பா, அம்மா, தங்கச்சி எல்லாரும் இருந்ததால மைக்கை ம்யூட்லயே வெச்சிருப்பான். "அவன் பேசவே மாட்டேங்கறான், சஸ்"னு யாராவது ஆரம்பிப்பாங்க, பத்து செகண்ட்ல ஏழு வோட்டு. தொடர்ந்து மூணு ஆட்டம். மூணுலயும் அவன் க்ரூமேட். நாலாவது வாரம் அவன் வரலை, வேலை இருக்குன்னு மெசேஜ் போட்டான்.

எங்க டீம்ல ஒரு அக்கா, டெஸ்டிங்ல இருந்தாங்க, அதுக்கப்புறம் ஒரு விதி கொண்டுவந்தாங்க. மீட்டிங் ஆரம்பிச்சதும் யாரும் யார் பேரையும் சொல்லக் கூடாது. கலர் வரிசைப்படி ஒவ்வொருத்தரும் ரெண்டே விஷயம் சொல்லணும்: கடைசியா எந்த ரூம்ல இருந்தேன், யாரைப் பாத்தேன். பேச முடியாதவங்க சாட்ல டைப் பண்ணலாம். எல்லாரும் சொல்லி முடிச்ச பிறகுதான் குற்றச்சாட்டு.

இது மரியாதைக்காக வெச்ச விதி மாதிரி தெரியும். ஆனா உத்தியாவே இது பிரமாதம். இம்போஸ்டருக்கு ரொம்ப வசதி கடைசியில பேசறது. மத்தவங்க சொன்னதை எல்லாம் கேட்டுட்டு, அதுல இருக்கற சந்துல தன் கதையைச் சொருகலாம். வரிசை வந்தா, மூணாவது ஆளா பேச வேண்டி வந்து, அப்புறம் பேசற ஆறு பேர்ல ஒருத்தர் "நான் அந்த ரூம்லதான் இருந்தேன், உன்னைப் பாக்கலையே"ன்னு சொல்ற அபாயத்தோட கதை விடணும். அது இருக்கட்டும், முதல் ஆள் சத்தமா "சிவப்புதான்!"னு சொல்லிட்டா, அதுக்கப்புறம் எல்லாரும் சிவப்பைப் பாத்த ஞாபகத்தைத்தான் தோண்டுவாங்க. அந்தத் தொத்து வியாதி இந்த வரிசையில நிக்குது. கூடவே ஒரு துண்டுப் பேப்பர்ல யார் யாருக்கு வோட்டுப் போட்டாங்கன்னு குறிச்சு வெச்சுக்குங்க. ஒருத்தன் இம்போஸ்டர்னு பின்னாடி தெரிஞ்சதும், அவனை வெளியே அனுப்ப வோட்டுப் போடாம நழுவினது யாருன்னு திரும்பிப் பாக்கலாம். 2009-ல டான் எஸ்க்ரிட்ஜ் பண்ண "தி ரெஸிஸ்டன்ஸ்" ஆட்டம் பூராவும் இந்த ஒரே யோசனை மேல நிக்குது. அதுல யாரும் சாகறதே இல்லை, யார் எந்த டீமுக்கு ஓகே சொன்னாங்கங்கற பதிவுதான் எல்லாம்.

அந்தத் தம்பி திரும்ப வந்தான். சாட்ல ரெண்டு வரி டைப் பண்ணுவான், ரொம்பத் துல்லியமா. "கேமரால சிவப்பு லைட் மின்னிச்சு, அப்ப உள்ள யாரோ பாத்துக்கிட்டிருந்தாங்க, யாருன்னு கேளுங்க"ங்கற மாதிரி.

இம்போஸ்டர் பக்கத்துக்கு இதே பாடத்தைத் திருப்பிப் போட்டா போதும். நல்லா நடிக்கணும்னு மெனக்கெடறது வீண், எப்படியும் பாதிப் பேருக்குப் பொய் தெரியப் போறதில்லை. ஆதாரத்தை அழிக்கறதுல மெனக்கெடணும். நிஜமாவே டாஸ்க் இருக்கற இடத்துல, நிஜமா ஆகற நேரம் வரைக்கும் நில்லுங்க. ஒரே ஒரு நிமிஷத்தைப் பத்தி மட்டும் பொய் சொல்லுங்க, மிச்சதெல்லாம் உண்மையா இருக்கட்டும். ரியாக்டரை உடைச்சா ரெண்டு பேர் ரெண்டு பக்கமும் நிக்க ஓடணும், கும்பல் கலையும், யார் யாரோட இருந்தாங்கங்கற கணக்கும் கலையும். லைட்டை அணைச்சா க்ரூமேட்டுங்களுக்குப் பார்வை சுருங்கிடும், "பாத்தேன்"னு சொல்ல வேண்டியவன் "பாத்த மாதிரி இருந்துச்சு"ம்பான்.

ஏர்ஷிப், ஃபங்கிள் மேப்கள்ல வழி எல்லாம் வேற மாதிரி, மெட்பே ஸ்கேன் கூட அங்க உதவாது. அதை நாலு வாரம் ஆடிப் பாத்துட்டு வந்து சொல்றேன்.